புழு தின்கிற சத்தத்துக்கு வயலின் எதற்கு?

வாசகர் கேள்விகளுக்கு இம்முறை பதில் சொல்பவர், தர்மபுரி மாவட்டம் மாரண்டஅள்ளிப் பக்கத்துப் பெண். குறும்படங்களுக்கும் ஆவணப் படங்களுக்கும் இசையமைத்து, ஒலியும் வடிவமைக்கிறார். முதல் முழுநீளப் படம் இப்போது இறுதி மிக்ஸிங்கில், அதாவது எல்லாச் சத்தங்களையும் ஒன்றாகக் கலக்கிற கட்டத்தில் இருக்கிறது. "படம் வந்த பிறகு பேரைப் போட்டுக்கொள்ளுங்கள்" என்று சொல்லிவிட்டதால், பெயர் இல்லாமலே பதில்கள்.

இசையமைப்பாளர் என்றால் தெரியும். ஒலி வடிவமைப்பாளர் தனியாக என்ன செய்கிறார்? நடிகர் பேசுவதும் கதவு சாத்துவதும் படம் பிடிக்கும்போதே பதிவாகிவிடாதா?
– பள்ளி ஆசிரியை, அரூர்

பதிவாகும் டீச்சர். ஆனால் பெரும்பாலான தமிழ்ப் படங்களில் அதைத் தூக்கிப் போட்டுவிடுவோம். படப்பிடிப்பில் பதிவாவது பைலட் டிராக். ஜெனரேட்டர் இரைச்சல், லைட்மேன் கூப்பிடுவது, டைரக்டர் நடுவில் "அப்படியே திரும்புங்க" என்பது எல்லாம் அதில் இருக்கும். நடிகர்கள் பிறகு டப்பிங் தியேட்டருக்கு வந்து பேசுவார்கள். அந்தப் புதுப் பேச்சை வைத்த நிமிஷமே செருப்பு, வளையல், நாற்காலி இழுபடுவது, தெருவில் போன மொபெட் எல்லாம் காட்சியிலிருந்து காணாமல் போய்விடும். அவற்றைத் திரும்ப உண்டாக்க வேண்டும்.

நடை, துணி, பாத்திரம் மாதிரி ஆளோடு ஒட்டிய சத்தங்களைத் திரையைப் பார்த்துக்கொண்டே ஸ்டுடியோவில் செய்து பதிவு செய்வதற்கு ஃபோலி என்று பெயர். ஹாலிவுட்டில் யுனிவர்சல் ஸ்டுடியோவில் இந்த வேலை பார்த்த ஜாக் ஃபோலியின் பெயர்தான் அது. இடத்தின் சத்தத்துக்கு ஆம்பியன்ஸ் என்போம். இதில் எது எப்போது கேட்க வேண்டும், எது கேட்கவே கூடாது என்று முடிவு செய்வது ஒலி வடிவமைப்பாளர். எலும்பு முறிகிற சத்தத்துக்கு நான் காய்ந்த புளியம்பழ ஓட்டைத்தான் நொறுக்குகிறேன். உங்கள் அரூர்ப் பக்கம் புளி அடிக்கிற வீடுகளில் கேட்டால் ஓட்டைச் சும்மாவே சாக்கில் அள்ளித் தருவார்கள்.

இசை, ஒலி இரண்டையும் ஒருவரே செய்தால் தயாரிப்பாளருக்குச் செலவு மிச்சம். அதனால்தானே உங்களைக் கூப்பிடுகிறார்கள்?
– வங்கி ஊழியர், காவேரிப்பட்டணம்

அதற்காகவும்தான், பொய் சொல்வானேன். ஆனால் அதில் வேறொரு லாபமும் இருக்கிறது.

வழக்கமாக என்ன நடக்கும்? எடிட்டிங் முடிந்து, இனி எந்த ஷாட்டும் மாறாது என்று படம் லாக் ஆனதும் ஒரு பிரதி இசையமைப்பாளருக்குப் போகும், இன்னொன்று ஒலிக்காரருக்கு. இவர் அறையில் என்ன நடக்கிறது என்று அவருக்குத் தெரியாது. அவரவர் அந்தக் காட்சியைத் தன்னால்தான் காப்பாற்ற முடியும் என்று நம்பி முழுக்க நிரப்பி வைத்திருப்பார்கள். மிக்ஸிங் அன்றைக்கு இரண்டும் ஒரே நேரத்தில் திறக்கும். டைரக்டர் "மியூசிக்கைக் கொஞ்சம் ஏத்துங்க" என்பார். ஒலிக்காரர் வாரக்கணக்கில் செய்த மழையும் தவளையும் அந்த ஒரு வாக்கியத்தில் போய்விடும்.

இரண்டும் ஒரே மேஜையில் இருந்தால், எதை விட்டுக்கொடுப்பது என்று எழுதும்போதே தெரிந்துவிடும். எங்கள் வீட்டில் பட்டுப்புழு வளர்ப்பு உண்டு. நான்காவது தடவை தோல் உரித்து எழுந்த புழு, அந்தக் கடைசிப் பருவத்தில்தான் ஆயுளில் தின்கிற மல்பெரித் தழையில் பெரும்பகுதியைத் தின்னும். ராத்திரி தழை போட்டுவிட்டு, விசிறியை நிறுத்திவிட்டு நின்றால் புழு வளர்க்கிற மனை முழுக்க ஓட்டின்மேல் தூறல் விழுகிற சத்தம் கேட்கும். ஒரு குறும்படத்தில் இப்படிப்பட்ட வீட்டில் காட்சி. மகள் படிப்புக்கு வைத்திருந்த பணத்தைக் கடனுக்குக் கட்டிவிட்டேன் என்று அப்பா சொல்கிறார். டைரக்டர் சோலோ வயலின் கேட்டார். நான் புழு தின்கிற சத்தத்தை மட்டும் வைத்தேன். அப்பா பேசி முடித்து, மகள் ஒன்றும் சொல்லாமல் நிற்கிற இடத்தில் அதைக் கொஞ்சம் ஏற்றினேன், அவ்வளவுதான். "வெளியில மழை காட்டவே இல்லையே?" என்று எடிட்டர் கேட்டார். திரையிட்ட அன்று பாலக்கோட்டிலிருந்து வந்திருந்த ஒருவர் மட்டும் என்னிடம் வந்து, "அது கடைசிப் பருவம்தானே?" என்றார். மற்றவர்களுக்கு அது மழையாகவே இருந்துவிட்டுப் போகட்டும். வயலின் வைத்திருந்தால் அந்த அப்பாமேல் பரிதாபப்படச் சொல்லி நானே எல்லோரையும் நெருக்கியது போல ஆகியிருக்கும்.

இன்னொன்று, சுருதி. நம் மின்சாரம் 50 ஹெர்ட்ஸ். டிரான்ஸ்ஃபார்மர், டியூப்லைட் சோக், பம்ப்செட் எல்லாம் 50-லும் அதன் மடங்குகளிலும்தான் முனகும். அது ஜி சுருதிக்கு, அதாவது நம் ஐந்து கட்டைக்கு, மிக அருகில் கீழ் ஸ்தாயியில் உட்கார்ந்திருக்கிறது. மோட்டார் கொட்டகைக் காட்சிக்கு நான் ஐந்து கட்டையில் எழுதினால் மோட்டாரே எனக்குத் தம்பூரா. நாலரைக் கட்டையில் எழுதினால் படம் முழுக்க அது உறுத்திக்கொண்டே இருக்கும், ஏன் என்று யாருக்கும் தெரியாது. இதையெல்லாம் வேறு அறையில் இருக்கிற இசையமைப்பாளரிடம் யார் போய்ச் சொல்வது?

ஒகேனக்கல்லில் ஒரு காட்சி எடுத்தோம். அருவிச் சத்தம் கேபிள் போன டிவி மாதிரி வெறும் 'உஸ்' என்று இருக்கிறது. வசனமும் கேட்கவில்லை. காப்பாற்ற வழி உண்டா அக்கா?
– குறும்பட இயக்குநர், பென்னாகரம்

உண்டு தம்பி, ஆனால் பாதி வேலையை நீங்கள் ஸ்கிரிப்ட் எழுதும்போதே செய்திருக்க வேண்டும்.

பெரிய அருவியின் சத்தத்தில் அடியிலிருந்து உச்சிவரை எல்லா அலைவரிசையும் கிட்டத்தட்ட நிரம்பியிருக்கும். பக்கத்தில் போய் மைக்கை நீட்டினால் வெறும் இரைச்சல்தான் கிடைக்கும். கண்ணுக்குத்தான் அது அருவி. அந்தச் சத்தத்தை அப்படியே வசனத்துக்கு அடியில் போட்டால், ச, த, க போன்ற எழுத்துகளைப் பிரித்துக் காட்டுகிற 2,000 முதல் 4,000 ஹெர்ட்ஸ் பகுதியை அது விழுங்கிவிடும். யூடியூபில் ஏற்றினால் இன்னும் மோசம். ஃபைலைச் சுருக்குகிற முறைகளுக்கு இரைச்சல் என்றாலே ஆகாது, குழைந்துபோய்விடும்.

அதனால் அருவியைத் துண்டு துண்டாக எடுங்கள். தொங்கு பாலத்துப் பக்கம் தள்ளி நின்று, பாறையில் தண்ணீர் இடிக்கிற அந்த அடிச் சத்தத்தை மட்டும் ஒன்று. சினி அருவியில் ஆட்கள் குளிக்கிற இடத்தில் ஒன்று. கரையோரம் பாறை இடுக்கில் தண்ணீர் நக்குகிற சத்தம் கிட்டத்தில் ஒன்று. பரிசல் துடுப்பு தண்ணீரை அறைவது, பரிசலின் அடி பாறையில் உரசுவது தனித்தனியாக. காட்சி அருவியை அகலமாகக் காட்டும்போது எல்லாம் கேட்கட்டும். இரண்டு பேர் பேச ஆரம்பித்ததும் அடிச் சத்தத்தையும் கரைச் சத்தத்தையும் மட்டும் விட்டு, நடுவில் இருப்பதை மெல்ல இறக்குங்கள். பார்க்கிறவன் மனசில் அருவி ஓடிக்கொண்டேதான் இருக்கும்.

போவதற்கு முன்னால், காவிரி தமிழ்நாட்டுக்குள் நுழைகிற பிலிகுண்டுலுவில் நீர்வரத்து எத்தனை கன அடி என்று செய்தியில் பார்த்துக்கொள்ளுங்கள். 5,000 கன அடிக்கும் 50,000 கன அடிக்கும் ஆறே வேறு. தண்ணீர் கூடினால் குளிக்கவும் பரிசலுக்கும் தடை போட்டுவிடுவார்கள், உங்கள் துடுப்புச் சத்தம் கிடைக்காது. முதல் நாள் குறைந்த தண்ணீரில் எடுத்த காட்சிக்குப் பத்து நாள் கழித்து வெள்ளத்தில் எடுத்த சத்தத்தைப் போடாதீர்கள்.

அங்கே போனால் எண்ணெய் மசாஜ் செய்கிறவர்களிடம் அனுமதி கேட்டு, காசு கொடுத்து, முதுகில் தட்டுகிற சத்தத்தை எடுத்துக்கொள்ளுங்கள். என் முதல் முழுநீளப் படத்தின் சண்டைக் காட்சியில் வில்லன் வாங்குகிற அடி பாதி அங்கிருந்து வந்ததுதான்.

இணையத்தில் ஆயிரக்கணக்கில் சத்தங்கள் இலவசமாகக் கிடைக்கின்றன. எதற்கு மைக்கைத் தூக்கிக்கொண்டு அலைய வேண்டும்?
– கல்லூரி மாணவர், தர்மபுரி

கதவு, கண்ணாடி, கார் டயர் என்றால் தாராளமாக எடுங்கள். உரிமத்தை மட்டும் படியுங்கள். ஃப்ரீசவுண்ட் தளத்தில் சிலவற்றுக்கு எந்த நிபந்தனையும் கிடையாது, சிலவற்றுக்குப் பதிவு செய்தவர் பெயரைப் போட வேண்டும், சிலவற்றை வியாபாரப் படத்தில் பயன்படுத்தவே கூடாது.

பறவையிலும் காட்டிலும்தான் மாட்டிக்கொள்வீர்கள். 'காலைக் காடு' என்று இறக்கினால் அதில் ஐரோப்பாவின் கரும்பறவை பாடும். ஹாலிவுட்டில் திரையில் கழுகு பறந்தால் கேட்பது பெரும்பாலும் வட அமெரிக்கச் செவ்வால் பருந்தின் கத்தல். அதைப் பார்த்துப் பார்த்து நம் ஆட்களும் வத்தல்மலைமேல் அதையே பறக்கவிடுகிறார்கள். வத்தல்மலை அடிவாரத்தில் விடிகாலை நின்று பாருங்கள். செம்போத்து அடித்தொண்டையில் கூப்பிடும், ஆள்காட்டி யாரையோ திட்டிக்கொண்டே பறக்கும், தூரத்தில் டவுன் பஸ் கியர் மாற்றும். குயிலிலும் கவனம். அது கூவுவது கோடையை ஒட்டித்தான். மார்கழிக் காட்சியில் குயிலைக் கூவவிட்டால் சென்னையில் யாருக்கும் தெரியாமல் போகலாம், நம் ஊர்ப் பாட்டிக்குத் தெரியும்.

கருவி கேட்டு இன்னும் சில கடிதங்கள் வந்திருந்ததால் இங்கேயே சொல்லிவிடுகிறேன். கையடக்க ரெக்கார்டர் ஒன்று, காற்றுக்கு மைக்மேல் போடுகிற ரோமக் குல்லா ஒன்று, காதை மூடுகிற ஹெட்போன் ஒன்று போதும். 48 கிலோஹெர்ட்ஸ், 24 பிட்டில் வைத்துப் பதிவு செய்யுங்கள். ரோமக் குல்லாவை வாங்காமல் விடாதீர்கள். ஆடி மாதம் பாலக்கோடு ரோட்டில் நின்றால் மைக்குக்குக் காற்றைத் தவிர வேறொன்றும் கேட்காது.

மகன் பிளஸ் டூ. சினிமாவில் சவுண்ட் படிக்கிறேன் என்கிறான். நான் பி.இ. என்கிறேன். இதில் சோறு கிடைக்குமா, நீங்களே சொல்லுங்கள் அம்மா.
– விவசாயி, ஊத்தங்கரை

ஐயா, இரண்டு பேர் பக்கமும் நியாயம் இருக்கிறது. சென்னை தரமணியில் எம்.ஜி.ஆர். பெயரில் இருக்கும் அரசு திரைப்படப் பயிற்சி நிறுவனத்தில் பிளஸ் டூ முடித்ததும் சேர்கிற ஒலிப்பதிவுப் பட்டப்படிப்பு இருக்கிறது. புனே, கொல்கத்தாவில் இருக்கிற மத்திய அரசுத் திரைப்பட நிறுவனங்களில் ஒலிப் படிப்புக்குப் பட்டம் முடித்தவர்களைத்தான் எடுக்கிறார்கள். அதனால் அவன் பி.இ. எலெக்ட்ரானிக்ஸ் முடித்துவிட்டுப் புனே போனாலும் படித்தது வீணாகாது, சிக்னல் பாடம் அப்படியே இங்கே உதவும்.

சோறு எப்படி வரும் என்று கேட்டால், பெரிய படத்தில் பெயர் வருவதற்கு முன்னால் டப்பிங் வசனத்தை உதட்டோடு பொருத்துவது, இரைச்சல் எடுப்பது, விளம்பரம், யூடியூப் தொடர் என்று பெயர் வராத வேலைகளில்தான் மாத வாடகை ஓடும். என் வாடகை அப்படித்தான் ஓடுகிறது. பேசிய பணத்தில் கடைசித் தவணை வராமல் போவதும் உண்டு. முடித்த ஒலியின் மாஸ்டர் ஃபைலைக் கடைசித் தவணை வந்த பிறகு கொடு என்று இப்போதே அவனுக்குச் சொல்லி வையுங்கள்.

இசை பக்கம் போனால் ஒரு பிடிமானம் இருக்கிறது. 2012-இல் பதிப்புரிமைச் சட்டத்தைத் திருத்தியபோது, பாட்டு திரையரங்குக்கு வெளியே பயன்படும்போதெல்லாம் இசையமைப்பாளருக்கும் பாடலாசிரியருக்கும் ராயல்டியில் சம பங்கு உண்டு, அந்த உரிமையைத் தயாரிப்பாளர் ஒப்பந்தத்தில் எழுதி வாங்கிக்கொள்ளக் கூடாது என்று வைத்தார்கள். ஒலி வடிவமைப்புக்கு அப்படி ஒன்றும் கிடையாது. ஒரு தடவை வாங்கிய சம்பளத்தோடு சரி. என்னைக் கேட்டால் இது அநியாயம்.

ஓசூரில் ஒரே படத்தைத் தமிழிலும் தெலுங்கிலும் கன்னடத்திலும் பார்க்கிறோம். டப்பிங் செய்த படங்களில் ஆள் பேசும்போது மட்டும் தெருவே செத்துப்போன மாதிரி ஆகிவிடுகிறதே, ஏன்?
– சிப்காட் தொழிலாளி, ஓசூர்

நல்ல காது உங்களுக்கு. வேறு மொழிக்கு விற்கும்போது வசனம் இல்லாமல் இசையும் மற்ற சத்தங்களும் மட்டும் உள்ள ஒரு டிராக் கொடுக்க வேண்டும். தொழிலில் எம் அண்ட் இ என்போம். அதை முழுசாகச் செய்யாமல் வசனத்தை மட்டும் ஊமையாக்கி அனுப்பினால், வசனத்தோடு சேர்ந்து பதிவான வளையலும் நடையும் தெருவும் கூடவே ஊமையாகிவிடும். லொக்கேஷனிலேயே குரலை எடுக்கிற சிங்க் சவுண்ட் படங்களில் இந்தத் தொல்லை அதிகம். அசல் மொழியில் உயிரோட்டமாக இருக்கும், அடுத்த மொழியில் அந்த இடத்தில் ஓட்டை விழும். ஒவ்வொரு அடியையும் ஃபோலியில் மறுபடி செய்து அடைக்க வேண்டும். அதற்குப் பணம் ஒதுக்கச் சொன்னால் "அங்க யாரு கேக்கப் போறாங்க" என்பார்கள். உங்கள் கேள்வியை வெட்டி வைத்துக்கொண்டேன், அடுத்த தடவை காட்டுகிறேன்.

எங்கள் தாத்தா பம்பை அடிப்பவர். போன திருவிழாவில் சினிமாக்காரர்கள் வந்து பதிவு செய்து போனார்கள். கையில் ஏதோ கொடுத்தார்கள். இதில் அவருக்கு உரிமை ஏதாவது உண்டா?
– பேத்தி, காரிமங்கலம்

உண்டு. பரம்பரையாக அடிக்கிற நடையை இன்னார் இயற்றினார் என்று யாரும் சொந்தம் கொண்டாட முடியாது. ஆனால் அன்று அவர் கையில் வந்த வாசிப்பு அவருடையது. நிகழ்த்துநர் உரிமை என்று பதிப்புரிமைச் சட்டத்தில் தனியாகவே இருக்கிறது, 50 வருஷம் நிற்கும். அவர் சம்மதம் இல்லாமல் பதிவு செய்யக் கூடாது, அவர் வாசிப்பு என்று பெயர் சொல்லச் சொல்லிக் கேட்கலாம். படத்தில் சேர்க்க எழுதிக் கொடுத்துவிட்டால் பிறகு படத்தைத் தடுக்க முடியாது. அதனால் கையெழுத்துப் போடுகிற தாளைத் தாத்தாவுக்கு முன்னால் நீங்கள் படித்துவிடுங்கள். எந்தப் படம், எவ்வளவு பணம், டைட்டிலில் பெயர் என்ற மூன்றும் அதில் இருக்க வேண்டும். 'நாட்டுப்புறக் கலைஞர்கள்' என்று மொத்தமாகப் போடுவதை ஒத்துக்கொள்ளாதீர்கள். வயலின்காரர் பெயரை அப்படிப் போடுவார்களா?

தாத்தா அனுமதித்தால் நானும் வந்து கேட்கிறேன். பம்பையின் முதல் அடியிலேயே மீட்டர் சிவப்புக்குப் போய்விடும். திரௌபதி அம்மன் கோயில் கூத்தில் பக்கத்திலேயே முகவீணை என்கிற ஊதுகருவி வேறு. எட்ட நின்று, அளவை நன்றாக இறக்கி வைத்துத்தான் எடுக்க வேண்டும். ஸ்டுடியோவுக்குக் கூட்டிப் போய்ப் பஞ்சு ஒட்டிய அறையில் உட்காரவைத்து எடுத்தால் பம்பை செத்துவிடும். அதற்கு வெட்டவெளியும் எதிரே ஒரு மதில் சுவரும் வேண்டும்.

ராத்திரியில் காட்டோரம் தனியாக மைக்கோடு நிற்பீர்களாமே, பயமாக இருக்காதா?
– இல்லத்தரசி, தேன்கனிக்கோட்டை

தனியாக நிற்பதில்லை அக்கா. காப்புக்காட்டுக்குள் அனுமதி இல்லாமல் போவதும் இல்லை. ராகி முற்றுகிற காலத்தில் காவலுக்கு இருக்கிற உறவுக்காரர்களோடு பரண்மேல் உட்கார்ந்துகொள்வேன். யானை பிளிறும் என்று காத்திருந்தால் ஏமாற்றம்தான். தங்களுக்குள் பேசிக்கொள்கிற உறுமலின் அடி, மனிதக் காது தொடங்குகிற 20 ஹெர்ட்ஸுக்கும் கீழே போகக்கூடியது. என் பதிவுகளில் இருப்பதெல்லாம் தகர டப்பா, பட்டாசு, சித்தப்பாவின் கெட்ட வார்த்தை. கெட்ட வார்த்தையை வெட்டிவிட்டுப் பயன்படுத்திக்கொண்டேன்.

எங்கள் ஊர்க் குவாரியில் வெடி வைத்தால் முதலில் புகை, அப்புறம்தான் சத்தம். சினிமாவில் மட்டும் இரண்டும் ஒன்றாக வருகிறது!
– வாசகர், கிருஷ்ணகிரி

சத்தம் ஒரு நொடிக்கு ஏறக்குறைய 343 மீட்டர்தான் ஓடும், ஒரு கிலோமீட்டர் தள்ளி நின்றால் மூன்று நொடி. சினிமாவில் நொடிக்கு 24 ஃபிரேம் என்பதால், 14 மீட்டர் தூரத்துக்கே ஒரு ஃபிரேம் பிந்த வேண்டும். அப்படி வைத்தால் படமும் சத்தமும் ஒட்டவில்லை, சிங்க் போச்சு என்று புகார் வரும், ஒன்றாக்கிவிடுகிறோம். நான் ஒருமுறை அந்த மூன்று நொடியையும் அப்படியே விட்டேன். புகை எழுகிறது, ஆடு மேய்க்கிற கிழவி நிமிர்ந்து பார்க்கிறாள், அப்புறம் சத்தம். தயாரிப்பாளருக்குப் பிடிக்கவில்லை. டைரக்டர் விடவில்லை, இருக்கிறது.

குறும்படம் முடித்துவிட்டேன். இசையும் ஒலியும் செய்து தருவீர்களா? பட்ஜெட் இல்லை.
– இயக்குநர், பாப்பிரெட்டிப்பட்டி

கேமரா வாடகைக்கு இருந்ததா, இல்லையா? அதில் ஒரு நாள் வாடகையை எனக்கு எடுத்து வையுங்கள், பேசலாம். எடிட்டிங்கை லாக் செய்த பிறகு அனுப்புங்கள். "ரெண்டு ஷாட்தான் மாத்தினேன்" என்று பாதியில் வராதீர்கள், அந்த இரண்டு ஷாட்டுக்குப் பின்னால் இருக்கிற அத்தனையும் நகரும். தற்காலிகமாக யாருடைய பாட்டையாவது போட்டு வைத்திருந்தால் எடுத்துவிட்டு அனுப்புங்கள். அதையே கேட்டுக் கேட்டுப் பழகிய காதுக்கு நான் எதைப் போட்டாலும் பிடிக்காது. முக்கியமாக, படம் எடுத்த வீட்டுக்கு ஒருநாள் மறுபடி போய், எல்லோரையும் பேசாமல் இருக்கச் சொல்லி, ஃபிரிட்ஜை அணைத்துவிட்டு, அந்த அறையின் சும்மா இருக்கிற சத்தத்தை இரண்டு நிமிஷம் போனிலாவது பதிவு செய்து கூட வையுங்கள். திரும்பி வரும்போது ஃபிரிட்ஜைப் போட்டுவிட்டு வாருங்கள்.